அடிப்பக்கம் இல்லாத பெட்டி

என் அக்காவின் கணவர் எதைக் கையில் வாங்கினாலும் திருப்பி அடிப்பக்கத்தைப் பார்ப்பார். எனக்குப் பத்து வயதாக இருந்தபோது அவர் முதன்முதலாக எங்கள் வீட்டுக்கு வந்தார். அம்மா தண்ணீர் கொடுத்தாள். அவர் டம்ளரைத் தலைக்கு மேல் தூக்கி, அடியை உற்றுப் பார்த்துவிட்டு, அதற்கப்புறம்தான் குடித்தார். சரியாகக் கழுவவில்லையோ என்று அம்மாவுக்கு முகம் சுண்டிப்போய்விட்டது. அடுத்த முறை அவர் வருவதற்குள் புது டம்ளர் வாங்கி வைத்தாள். அதையும் தூக்கிப் பார்த்தார்.

"விலைச் சீட்டை எடுக்க மறந்துட்டீங்க போல அத்தை."

பதினான்கு வருடமாக இதைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். நாற்காலி, செருப்பு, சாவிக்கொத்து, மருந்துப் பெட்டி, எதுவும் தப்பியதில்லை. "பையன் பொறந்தப்போ நர்ஸ் கையில குடுத்தாங்க. அவனையும் திருப்பித்தான் பாத்தாரு, முதுகுல ஸ்டிக்கர் ஒட்டியிருக்கான்னு" என்று அக்கா சொல்வாள். அத்தான் மறுக்க மாட்டார். "ஆஸ்பத்திரியில எத்தனை குழந்தை இருக்கும். மாறிப்போனா நீயா பொறுப்பு?" என்பார்.

எங்கள் குடும்பத்தில் கல்லூரிக்குப் போன முதல் ஆள் நான். பட்டச் சான்றிதழ் வந்த அன்று எல்லோரும் கையைக் கழுவித் துடைத்துக்கொண்டு வந்து அதைத் தொட்டுப் பார்த்தார்கள். அத்தான் முறை வந்ததும் வீடே பேச்சை நிறுத்திவிட்டு அவரைப் பார்த்தது. திருப்பினார்.

"பின்னாடி ஒண்ணுமே எழுதலையே பட்டதாரி."

சிரித்தே பழக்கமில்லாத அப்பாகூடச் சிரித்தார். நானும் சிரித்தேன். அன்றிலிருந்து அவருக்கு நான் பட்டதாரி. ஆனால் அந்த வெள்ளைப் பின்பக்கம் பல நாள் என் கண்ணை விட்டுப் போகவில்லை. முன்பக்கம் எழுதியிருப்பது எனக்கு உண்மையிலேயே தெரியுமா என்ற சந்தேகம் அப்போதே இருந்தது. இன்றும் இருக்கிறது.

இந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது என்பதை அக்கா ஒருநாள் துணி மடித்துக்கொண்டே சொன்னாள். கல்யாணத்துக்கு முன் அத்தான் ஒரு கம்பெனியின் ஸ்டோரில் இருந்தார். வந்திறங்கிய இருபத்திரண்டு மானிட்டர்களை எண்ணிப் பார்த்துக் கையெழுத்துப் போட்டார். எண்ணிக்கை சரி. ஆனால் இரண்டின் அடியில் ஒட்டியிருந்த எண், பட்டியலில் இருந்த எண் இல்லை. யாரோ புதியதை எடுத்துக்கொண்டு பழையதை வைத்திருந்தார்கள். அத்தான்தான் மாற்றினார் என்று யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. அவருடைய கோப்பில் மட்டும் 'பொருள் மாறியதற்கு இவர் பொறுப்பு' என்று ஒரு வரி எழுதினார்கள். இரண்டு வருடம் கழித்து உண்மையில் மாற்றியவன் அகப்பட்டான்.

"ஆனா அந்த வரியை யாரும் அடிக்கலைடி" என்றாள் அக்கா. "இவரு ரெண்டு தடவை நேர்ல போய்க் கேட்டாரு. கோப்பைத் தேடறோம்னு சொல்லி அனுப்பிட்டாங்க."

அதற்குப் பிறகு அத்தான் சேர்ந்த இடத்தில்தான் பத்தொன்பது வருடம் இருந்தார். அது ஒரு ரத்தப் பரிசோதனை நிலையம். ஊரெங்கும் அதற்குப் பதினான்கு கிளைகள். கிளைகளில் ரத்தம் எடுப்பார்கள். தலைமைக் கட்டடத்தில் பரிசோதிப்பார்கள். முடிவுகள் கணினி வழியே கிளைகளுக்குத் திரும்பிப் போகும். அந்தக் கணினிகளையெல்லாம் இணைக்கிற வேலை அத்தானுடையது. படித்து முடித்து எட்டு மாதம் அலைந்த பிறகு எனக்கும் அங்கேயே வேலை கிடைத்தது. கிளைகளிலிருந்து 'திரை நின்னுபோச்சு' என்று வருகிற அழைப்புகளுக்குப் பதில் சொல்லும் வேலை. அவர் சொல்லித்தான் கிடைத்தது என்று எல்லோரும் நினைத்தார்கள். "நான் ஒரு வார்த்தை பேசலை பட்டதாரி. உன் மார்க்கைப் பாத்துத்தான் எடுத்தாங்க" என்றார் அவர். நான் அதைப் பாதிதான் நம்பினேன்.

சர்வர் அறை முன்பு எக்ஸ்ரே அறையாக இருந்தது. கதவுக்குள் ஈயத்தகடு. தோளைக் கொடுத்துத் தள்ளினால்தான் திறக்கும். உள்ளே போனால் போனில் சிக்னல் போய்விடும். சுவரில் நோயாளி நெஞ்சை ஒட்டி நிற்க வேண்டிய உயரத்துக்கு ஒரு கோடு இன்னும் அழியாமல் இருந்தது. அந்தக் கோட்டுக்கு நேர் கீழே, வெளி உலகத்துக்கும் எங்கள் கணினிகளுக்கும் நடுவில், ஒரு சாம்பல் நிறப் பெட்டி உறுமிக்கொண்டிருந்தது. அதுதான் ஃபயர்வால். யார் வருகிறார்கள், யாரைத் தேடி வருகிறார்கள் என்று ஒவ்வொன்றையும் நிறுத்திக் கேட்டு, பிடிக்காததைத் திருப்பி அனுப்பும் பெட்டி. அத்தானுக்கு அந்த அறையிலேயே அதன் மேல்தான் பிரியம் அதிகம். அடியில் இருந்த எண் அவருக்கு மனப்பாடம்.

அந்தப் பெட்டிக்கு வயதாகிவிட்டது. மின்விசிறி சத்தம் போட ஆரம்பித்ததும், புதுப் பெட்டி வேண்டாம், வர்ச்சுவல் ஃபயர்வால் போதும் என்று மேலாளர் முடிவு செய்தார். எங்களிடம் இரண்டு பெரிய சர்வர்கள் இருந்தன. ஒவ்வொன்றிலும் ஹைப்பர்வைசர் என்ற மென்பொருள் ஓடியது. ஒரே இயந்திரத்தைப் பல இயந்திரங்களாகப் பங்கு போட்டுக் கொடுக்கும் மென்பொருள் அது. உள்ளே ஓடும் ஒவ்வொரு பங்கும் தன்னைத் தனிக் கணினி என்றே நினைத்துக்கொள்ளும். ஃபயர்வாலும் இனி அப்படி ஒரு பங்காக, பெட்டியே இல்லாமல் ஓடும்.

அத்தானை மேலாளர் தன் அறைக்குக் கூப்பிட்டு அதைச் சொன்னார். வெளியே வந்ததும் என்னிடம் கேட்டார்.

"அடியில என்ன இருக்குன்னு எப்படிப் பாக்கறது?"

"அடியே கிடையாது அத்தான். அது ஒரு ஃபைல்."

"அதைத்தான் கேக்கறேன்."

ஃபயர்வாலை விற்ற நிறுவனம் ஒரு பொறியாளரை அனுப்பியது. என் வயதுதான் இருக்கும். சர்வர் அறைக் குளிருக்கு அவள் கம்பளித் தொப்பி போட்டிருந்ததால் முதல் நாளே அவளுக்குத் தொப்பி என்று பெயர் விழுந்துவிட்டது. அவளே அதைக் கேட்டுச் சிரித்தாள். எதையும் மறைத்து வைக்கிற சுபாவம் அவளுக்கு இல்லை. "முப்பது நாள் நல்லா ஓடினா நீங்க ஒரு கையெழுத்துப் போடணும் சார். அந்தக் கையெழுத்துலதான் என் வேலை நிரந்தரமாகும். இல்லைன்னா வீட்டுக்கு. அதனால எவ்வளவு வேணாலும் திட்டுங்க, கையெழுத்தை மட்டும் போட்டுடுங்க" என்றாள்.

அத்தான் சிரிக்கவில்லை. "எதுக்கு முதல்லயே கையெழுத்தைப் பத்திப் பேசுது?" என்று பிறகு என்னிடம் கேட்டார்.

நிறுவும்போது நானும் பக்கத்தில் இருந்தேன். ஃபயர்வால் ஒரே ஒரு ஃபைலாக வந்தது. வழியில் யாரும் அதைத் தொடவில்லை என்று உறுதி செய்ய, தயாரித்தவர்கள் அறுபத்து நான்கு எழுத்து கொண்ட ஒரு சரிபார்ப்புக் குறியைக் கொடுத்திருந்தார்கள். முதல் நாலும் கடைசி நாலும் பொருந்தினால் போதும் என்று எல்லோரும் விட்டுவிடுவார்கள். அத்தான் அறுபத்து நான்கையும் விரல் வைத்துச் சத்தமாகப் படித்தார். தொப்பி பொறுமையாக "சரி, சரி" என்று சொல்லிக்கொண்டிருந்தாள். நாற்பதாவது எழுத்தில் யாரோ கதவைத் தட்டினார்கள். அவர் மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தார்.

"சார், இதை நீங்க பாட்டாவே பாடலாம்" என்றாள் அவள்.

முதல் சர்வரில் அது எழுந்து நின்றது. ஆனால் ஒரு துளி தகவல் போக்குவரத்தும் நடக்கவில்லை. அத்தான் ஒரு மணி நேரம் தேடினார். விதிகள் சரி, முகவரிகள் சரி, கேபிள் சரி. தொப்பி எட்டிப் பார்த்துவிட்டு, "சார், இதோட முதல் வாசல் நிர்வாகத்துக்கு. நீங்க அதை வெளி லைனோட கோத்திருக்கீங்க. பெட்டியா இருந்தா மேலயே எழுதியிருக்கும், இதுல எண்ணித்தான் பாக்கணும்" என்றாள். லைன் வந்து சேரும் மூன்று வாசல்களையும் ஒன்று தள்ளி மாற்றினாள். பத்து நிமிடத்தில் பதினான்கு கிளைகளும் பேசின.

நான் கை தட்டினேன். அத்தான் நோட்டை எடுத்து எதையோ எழுதினார். அவள் கை கழுவப் போனதும் மெதுவாகச் சொன்னார். "பத்து நிமிஷத்துல சரி பண்ணத் தெரிஞ்சா, பத்து நிமிஷத்துல கெடுக்கவும் தெரியும்ல?"

அதற்கப்புறம் அவள் செய்த எல்லாமே அந்த நோட்டில் ஏறியது. சர்வர்களை அடுக்கியிருந்த ரேக்கைப் போனில் படம் எடுத்தாள். ஒரு பென்டிரைவைச் செருகி எடுத்தாள். இரண்டாவது சர்வரின் பாஸ்வேர்டையும் கேட்டாள். "முதல் சர்வர்ல வேலை. ரெண்டாவதுல என்ன வேலை?" என்று அத்தான் கேட்க, "பின்னாடி இடம் மாத்தணும்னா தேவைப்படும் சார். வேணாம்னா வேணாம்" என்று விட்டுவிட்டாள். அவள் சட்டென்று விட்டதும் நோட்டில் ஏறியது. எனக்கும் படிக்கப் படிக்கச் சந்தேகம் தொற்றிக்கொண்டது. ஒவ்வொன்றாகப் பார்த்தால் எதுவுமே இல்லை. வரிசையாக எழுதி வைத்துப் படித்தால் எல்லாமே ஏதோ போல இருந்தது.

முப்பது நாள் கணக்கு தொடங்கியது. ஒன்பதாவது நாள் யூபிஎஸ் பேட்டரி மாற்ற ஆள் வந்தார்கள். அதற்காக இரண்டாவது சர்வரை மட்டும் பத்து நிமிடம் நிறுத்திக் கிளப்பினோம். அன்று மத்தியானம் எனக்கு முதல் அழைப்பு.

"மேடம், வட்டம் சுத்திக்கிட்டே இருக்கு. முடிவு வரமாட்டேங்குது."

நான் என்னவென்று கேட்பதற்குள், "ஆ, வந்திருச்சு" என்று வைத்துவிட்டார். ஐந்து நிமிடத்தில் வேறு கிளை. மறுநாள் இருபத்தாறு அழைப்புகள். இணைப்பு மொத்தமாக அறுந்தால் காரணம் கண்டுபிடிக்கலாம். இது அறுந்து அறுந்து தானாக ஒட்டிக்கொண்டது. மூன்றாம் நாள் ஒரு மருத்துவரே கூப்பிட்டார். அறுவை சிகிச்சைக்குக் காத்திருந்த ஒருவரின் முடிவு இரண்டு மணி நேரம் தாமதமாகப் போயிருந்தது. "நீங்க கம்ப்யூட்டர் விளையாடறதுக்கு என் பேஷன்ட்தான் கிடைச்சாரா?" என்று கத்தினார். போனை வைத்த பிறகும் என் காது சுட்டது.

அத்தான் எல்லாவற்றையும் திருப்பிப் பார்த்தார். கேபிள்களைக் கழற்றி மாட்டினார். கணினிகளை இணைக்கும் சுவிட்ச் பெட்டிகளைக் கவிழ்த்துப் பார்த்தார். "புது ஃபயர்வால் வந்து ஒன்பதாம் நாளே ஆரம்பிச்சிருச்சு. பழைய பெட்டி ஒரு நாள் இப்படி பண்ணியிருக்கா?" என்று போகிற வருகிறவரிடமெல்லாம் கேட்டார்.

தொப்பி வந்தாள். அன்று தொப்பி போட மறந்திருந்தாள்; அதைச் சொல்லிச் சிரிக்கும் மனநிலையில் யாரும் இல்லை. நடப்பதையெல்லாம் ஃபயர்வால் குறித்து வைக்கும் லாக்கைத் திறந்து ஒரு வரியைக் காட்டினாள். ஃபயர்வாலின் முகவரியைச் சொந்தம் கொண்டாடிக்கொண்டு இன்னொரு கருவியும் பதில் சொல்கிறது.

"ஒரே வீட்டு நம்பரை ரெண்டு பேர் போட்டுக்கிட்டா தபால்காரர் என்ன செய்வாரு சார்? ஒரு நாள் இங்க, ஒரு நாள் அங்க. ஒரு பேச்சோட பாதி இந்த ஃபயர்வாலுக்கு வருது, மீதி அந்த ரெண்டாவதுக்குப் போகுது. ஆரம்பத்தைப் பாக்காத பேச்சோட நடுவை ஃபயர்வால் நம்பாது. தூக்கிப் போட்டுடும்."

"ரெண்டாவது எது?"

"அது தெரியலை. ஆனா அதோட நெட்வொர்க் கார்டு எண்ணைப் பாருங்க. முதல் மூணு ஜோடி, ஹைப்பர்வைசர் தன்னோட இயந்திரங்களுக்குக் குடுக்கற எண். அதனால அது வெளியில இருந்து வந்ததில்லை சார். உங்க சர்வருக்குள்ளதான் எங்கேயோ இருக்கு. ரெண்டாவது சர்வரை ஒரு தடவை பாத்துடலாமா?"

அத்தான் என்னைத் திரும்பிப் பார்த்தார். அந்தப் பார்வை எனக்கு இன்னும் ஞாபகம் இருக்கிறது. தேடிய திருடன் தானாக வந்து கதவைத் தட்டியது போல.

"உள்ள போகாமயே உள்ள இருக்கறது எப்படிம்மா தெரியும்?" என்று அவளைக் கேட்டார்.

"எண்ணைப் பாத்துத்தான் சார் சொல்றேன்."

"வச்சவங்களுக்கு எண்ணு தெரியும்."

அவள் முகம் வெளுத்துப்போயிற்று. பிறகு என்னைப் பார்த்தாள். எனக்கு அந்த எண்கள் தெரியும். முதல் மூன்று ஜோடி தயாரிப்பாளரைக் காட்டும் என்பதைக் கல்லூரியில் பரீட்சைக்கு எழுதி இரண்டு மதிப்பெண் வாங்கியிருக்கிறேன். அவள் சொல்வது சரி என்று சொல்ல அந்த இரண்டு மதிப்பெண் போதும். ஆனால் எழுதிய விடையை வாழ்க்கையில் ஒருவர் முன்னால் சொல்லலாம் என்று எனக்குத் தோன்றவில்லை. அத்தானுக்குப் பத்தொன்பது வருட அனுபவம். எனக்குப் பின்பக்கம் வெள்ளையாக ஒரு தாள். நான் கீபோர்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மேலாளர் கூப்பிட்டார். அத்தான் நோட்டை விரித்து வாசித்தார். போன் படம், பென்டிரைவ், பாஸ்வேர்டு. மேலாளர் என் பக்கம் திரும்பி, "நீயும் பாத்தியாம்மா?" என்றார்.

"ஆமா சார். படம் எடுத்தாங்க" என்றேன். அது பொய் இல்லை. வேலை முடித்ததற்கான படிவத்தில் சேர்க்க அவள் நிறுவனமே அந்தப் படத்தைக் கேட்டிருந்தது என்பது எனக்குத் தெரியும். அதை யாரும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை.

அன்று மத்தியானம் மூன்றரை மணிக்குச் சம்பவப் பதிவேட்டில், அறுபத்தோராம் பக்கத்தில், அத்தான் தன் குண்டு எழுத்தில் எழுதினார்: 'காரணம்: வெளி நிறுவனப் பொறியாளர் அனுமதி இல்லாமல் இணைத்த கருவி எனத் தெரிகிறது.' மேலாளர் அதன் கீழே கையெழுத்துப் போட்டு, படம் எடுத்து அவள் நிறுவனத்துக்கு அனுப்பினார். அவள் பையை எடுத்துக்கொண்டு ஈயக் கதவைத் தள்ளினாள். திறக்கவில்லை. யாரும் எழுந்து போய்த் தள்ளிவிடவில்லை. இரண்டாம் முறை தோளால் இடித்துத் திறந்துகொண்டு போனாள்.

மாலைக்குள் அழைப்புகள் நின்றுவிட்டன. மறுநாள் ஒன்றுகூட இல்லை.

"பாத்தியா?" என்றார் அத்தான். அவர் குரலில் ஜெயித்த சந்தோஷம் இல்லாததை நான் கவனித்தேன். தலைவலியாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். அவள் போனாள், கோளாறு நின்றது. இதைவிட என்ன சாட்சி வேண்டும்? நான் அன்று நிம்மதியாகத் தூங்கினேன். அதை இங்கே எழுத வெட்கமாகத்தான் இருக்கிறது.

மூன்று வாரம் கழித்து, இரண்டு சர்வரிலும் எவ்வளவு இடம் மீதி இருக்கிறது என்று மேலாளர் கணக்குக் கேட்டார். அத்தான் விடுப்பில் இருந்தார். இரண்டாவது சர்வரில் நான் எதிர்பார்த்ததைவிட அறுபது ஜிபி அதிகமாகக் காலியாக இருந்தது. ஏதோ அழிந்துபோயிருக்கிறது என்ற பயத்தில், அந்த சர்வரில் யார் எப்போது என்ன செய்தார்கள் என்ற பட்டியலைத் திறந்தேன்.

தொப்பி வந்து போன அதே தேதி. நாலு மணி பன்னிரண்டு நிமிடம்: 'பழைய பிரிண்ட் சர்வர்' நிறுத்தப்பட்டது. நாலு பதினாலு: அழிக்கப்பட்டது. செய்தவர் இடத்தில் அத்தானின் பெயர்.

எங்களிடம் பிரிண்ட் சர்வர் என்று ஒன்று இருந்ததே இல்லை.

பட்டியலில் இன்னும் பின்னால் போனேன். புது ஃபயர்வாலை ஒப்படைத்த அன்றே, அதன் முழு நகல் ஒன்று இரண்டாவது சர்வரில் அந்தப் பெயரில் உருவாக்கப்பட்டிருந்தது. வாசல்கள் மூன்றும் கழற்றி விடப்பட்டிருந்தன. நகல் தனியாக, யாரோடும் பேசாமல் ஓடிக்கொண்டிருந்திருக்கிறது. ஒன்பதாம் நாள், பேட்டரிக்காக சர்வரை நிறுத்திக் கிளப்பிய நிமிடத்தில், அந்த நகலும் தானாகக் கிளம்பி மூன்று வாசல்களையும் தானே மாட்டிக்கொண்டது. தொப்பி காட்டிய எண்ணை நான் ஒரு துண்டுத்தாளில் குறித்து வைத்திருந்தேன். சுவிட்சின் லாக்கில் தேடினேன். அந்த எண் தெரிந்த ஒரே வழி, இரண்டாவது சர்வருக்குப் போகும் கேபிள்.

மறுநாள் அத்தான் வந்ததும் ஈயக் கதவை மூடினேன். பட்டியலைக் காட்டினேன். அவர் படிக்கவில்லை. படிக்க என்ன இருக்கிறது?

"எதுக்கு அத்தான் நகல்?"

"அந்தப் பொண்ணு பின்னாடி எதையாவது மாத்தினா ஒப்பிட்டுப் பாக்கறதுக்கு. அதுக்கு அடிப்பக்கம் இல்லைன்னியே. நான் ஒண்ணு பண்ணி வச்சுக்கிட்டேன்." மூன்று விரலைக் காட்டினார். "கழட்டித்தான் வச்சிருந்தேன். மூணையும் கழட்டித்தான் வச்சிருந்தேன்."

"அங்க ரெண்டு டிக் இருக்கு அத்தான். 'இப்போ இணைந்திருக்கு'ன்னு ஒண்ணு, 'கிளம்பும்போது இணை'ன்னு ஒண்ணு. நீங்க முதலாவதைத்தான் எடுத்திருக்கீங்க."

"தெரியும். இப்போ தெரியும்."

"எப்போ தெரிஞ்சது?"

"எழுதி முடிச்சு வந்து உக்காந்தேன். அந்தப் பொண்ணு சொன்ன எண்ணு மண்டையில சுத்திக்கிட்டே இருந்துச்சு. சும்மா பாப்போமேன்னு பாத்தேன்." கைகளை மடியில் வைத்து, உள்ளங்கையை மேலாகத் திருப்பி வைத்துக்கொண்டார். "நாலு மணி ஆயிருந்துச்சு. அதுக்குள்ள மேனேஜர் பக்கத்தைப் படம் எடுத்து அனுப்பிட்டாரு."

நாற்பத்திரண்டு நிமிடம். எழுதும்போது அவர் நம்பித்தான் எழுதினார். எழுதி நாற்பத்திரண்டு நிமிடத்தில் உண்மை தெரிந்துவிட்டது.

"அப்போ அவங்க வேலை?"

"எழுதறேன். அடிச்சுட்டுச் சரியா எழுதறேன். நாளைக்கு."

"இன்னைக்கே எழுதுங்களேன்."

"எழுதினா அவர் என்ன கேப்பாரு தெரியுமா பட்டதாரி? பத்தொன்பது வருஷத்துல வேற என்னென்ன கழட்டி வச்சேன்னு கேப்பாரு. அப்புறம் நான் தொட்ட ஒவ்வொண்ணையும் திருப்பிப் பாப்பாங்க." மடியில் இருந்த கைகளைக் கவிழ்த்து வைத்தார். "எனக்கு அது என்னன்னு தெரியும்."

நாளை வந்தது. அடுத்த நாளும் வந்தது. நான் அக்காவிடம் சொல்லவில்லை, மேலாளரிடமும் சொல்லவில்லை. அக்கா வீட்டுச் சாப்பாடு, பையன் பள்ளிக்கூடம், என் வேலை, எல்லாவற்றையும் காரணமாக எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். எல்லாக் காரணமும் நிஜம்தான். அறையில் அவர் இருக்கும்போது நான் அவருடைய கைகளைக் கவனிக்க ஆரம்பித்தேன். நான் எதைத் திறந்து பார்க்கிறேன் என்று அவர் கவனித்தார். ஈயக் கதவுக்குள் இரண்டு பேர் ஒருவரை ஒருவர் காவல் காத்துக்கொண்டு வேலை பார்த்தோம்.

ஒருநாள் தொப்பியின் எண்ணுக்குப் போன் செய்தேன். மன்னிப்புக் கேட்கத்தான் செய்தேன் என்று நினைக்கிறேன். எந்த வேலையில் இருக்கிறாள் என்று கேட்டேன். ஒரு கடையில் போன் பழுது பார்ப்பதாகச் சொன்னாள். "குளிர் இல்லை. தொப்பி மிச்சம்" என்று சிரித்தாள். திட்டுவாள் என்று காத்திருந்தேன். அவள் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்.

"அந்த ரெண்டாவது மெஷின் கிடைச்சுதா? எங்கதான் இருந்துச்சு? படுத்தா அதுதான் ஞாபகம் வருது. நான் எதையோ தப்பா கோத்துட்டேனோன்னு."

"தேடிக்கிட்டிருக்கோம்" என்றேன்.

என் வாயிலிருந்து அது எவ்வளவு சுலபமாக வந்தது என்று இன்றும் ஆச்சரியமாக இருக்கிறது. கோப்பைத் தேடறோம் என்று அத்தானை யாரோ திருப்பி அனுப்பியதும் இதே குரலில்தான் இருந்திருக்கும்.

ஐந்து மாதம் கழித்து நிலையம் எல்லா சர்வர்களையும் வெளியே ஒரு வாடகை இடத்துக்கு மாற்றியது. கண்ணில் படாத இயந்திரத்துக்குத் தன்னால் பதில் சொல்ல முடியாது என்று அத்தான் ராஜினாமா கொடுத்துவிட்டார். ஒப்படைப்புக் குறிப்பு பதினொரு பக்கம் எழுதினார். ஒவ்வொரு கேபிளின் நிறம், ஒவ்வொரு பெட்டியின் அடி எண், எந்தக் கதவுப் பூட்டு எந்தப் பக்கம் இறுகும் என்பது வரைக்கும் இருந்தது. கடைசிப் பக்கத்தில் 'நிலுவையில் உள்ள வேலைகள்' என்ற தலைப்பின் கீழ் ஒரே ஒரு வரி.

'சம்பவப் பதிவேடு, பக்கம் 61. திருத்தம்.'

பெற்றுக்கொண்டவர் என்ற இடத்தில் நான் கையெழுத்துப் போட வேண்டும். அவர் பேனாவை நீட்டினார். நான் அந்த வரியைப் பார்த்தேன், அவரைப் பார்த்தேன். அவர் சுவரில் இருந்த கோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் கையெழுத்துப் போட்டேன்.

இப்போது அவர் வீட்டின் முன் அறையில் மடிக்கணினி பழுது பார்க்கிறார். நல்ல கூட்டம். மடிக்கணினிக்குத் திருகாணி எல்லாம் அடியில்தானே. வாங்கியதும் கவிழ்த்துப் போட்டுத்தான் வேலையே தொடங்க வேண்டும். அந்த வேலைக்கு அவரைப் போல ஒருவர் கிடைக்க மாட்டார். "என்ன பட்டதாரி, பெரிய ஆளாயிட்டே, இந்தப் பக்கமே காணோம்" என்று அக்கா முன்னால் கேலி பேசுகிறார். அக்கா இல்லாதபோது பேச்சு குறைந்துவிடுகிறது.

போன மாதம் அலுவலகத்தில் சொல்லிவிட்டுப் பதிவேட்டைப் பையில் எடுத்துக்கொண்டு அங்கே போனேன். அறுபத்தோராம் பக்கத்தில் ஒரு துண்டுக் காகிதம் செருகி, கூடவே பேனாவும் வைத்து நீட்டினேன்.

"ஒரு வரி அத்தான். நீங்க எழுதுங்க, மீதியை நான் பாத்துக்கறேன்."

அவர் கையைத் துடைத்துக்கொண்டு வாங்கினார். பேனாவை மேஜை மேல் தனியாக எடுத்து வைத்தார். பதிவேட்டைத் திருப்பி, பின் அட்டையில் ஒட்டியிருந்த எண்ணை, கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு, ஒவ்வொரு இலக்கமாகப் படித்தார்.

"நம்பர் சரியாத்தான் இருக்கு" என்றார். திறக்காமலே என்னிடம் திருப்பிக் கொடுத்துவிட்டு, கவிழ்ந்து கிடந்த மடிக்கணினியின் அடுத்த திருகாணியைக் கழற்ற ஆரம்பித்தார்.